காற்றாடியும் கழுத்தும்

(லாஸ்பேட்டையில் நடைபெற்ற முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பேசச் சொல்லியிருக்கிறார்கள். பாயசத்துக்கு அப்புறம் பேசுகிறவனை விடப் பாவப்பட்டவன் யாரும் கிடையாது. நல்லவேளையாக, தூக்கம் வராத ஒரு பொருளைச் செயலாளரே தேடிக் கொடுத்துவிட்டார். வருகிற பொங்கலுக்கு நம் சங்கத்தின் சார்பில் காற்றாடிப் போட்டி நடத்தலாம் என்று செயற்குழுவில் ஒரு யோசனை வந்ததாம். உடனே இரண்டு கட்சி ஆகிவிட்டது. "நடத்தினா அறுக்கிற போட்டிதான் நடத்தணும், மத்ததெல்லாம் குழந்தைங்க விளையாட்டு" என்று ஒரு கட்சி. "காத்தாடிங்கிற பேச்சே வேணாம், நாளைக்கு யாருக்காவது ஒண்ணு ஆச்சுன்னா ஸ்டேஷனுக்கு யார் போறது?" என்று இன்னொரு கட்சி. "நீங்க ரெண்டு பக்கத்தையும் எடுத்துச் சொல்லுங்க சார், பொதுக்குழு முடிவு பண்ணட்டும்" என்று என்னிடம் தள்ளிவிட்டார். பட்டிமன்ற நடுவர் மாதிரி கடைசியில் இரண்டு பக்கமும் சரி என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள எனக்கு விருப்பமில்லை. எடுத்துச் சொல்கிறேன், என் முடிவையும் சொல்கிறேன்.

முதலில் காற்றாடிக்கு உரிய மரியாதையைச் செய்துவிடுவோம். மூங்கில் குச்சி, காகிதம், பசை, நூல். இந்த நான்கை வைத்துக்கொண்டு மனிதன் விமானம் கண்டுபிடிப்பதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே வானத்தில் ஒரு பொருளை நிறுத்திக் காட்டினான். சீனாவில் தோன்றியது என்பார்கள். நம் ஊரில் பிரெஞ்சு படித்தவர்கள் இங்கே பலர் இருக்கிறீர்கள். அந்த மொழியில் இதற்கு 'செர்வோலான்' என்று பெயர். சொல்லுக்குச் சொல் பார்த்தால் பறக்கும் கலைமான். 1901-ல் மார்க்கோனி அட்லாண்டிக் கடலைத் தாண்டி வந்த கம்பியில்லாத் தந்திச் சைகையைக் கேட்டாரே, அப்போது அவருடைய ஏரியல் கம்பியைத் தூக்கிப் பிடித்திருந்தது ஒரு பட்டம்தான். பௌதிகம் படித்தவர்களைக் கேளுங்கள். சூத்திரக் கயிற்றின் முடிச்சை ஒரு விரற்கடை மேலே கீழே நகர்த்தினால் காற்றை எதிர்க்கும் கோணம் மாறுகிறது. குத்துகிற காற்றாடி நிமிர்ந்து நிற்கிறது. வகுப்பறையில் ஒரு மணி நேரம் சொல்லியும் புரியாததை எட்டு வயதுப் பையன் மொட்டைமாடியில் ஐந்து நிமிடத்தில் புரிந்துகொள்கிறான். அப்படிப்பட்ட விளையாட்டை ஒழித்துவிட்டால் நட்டம் நமக்குத்தான்.

அறுக்கிற விளையாட்டுக்கும் ஒரு கலை உண்டு. சென்னையில் வியாசர்பாடி, ராயபுரம், காசிமேடு பக்கமெல்லாம் அதற்குத் தனி அகராதியே இருக்கிறது. நூல் சுற்றும் உருளை லொட்டாய்; கண்ணாடித் தூள் பூசிய நூல் மாஞ்சா; சண்டைக்கு டீல். இந்த டீல் என்பதை நம்மில் பலர் ஆங்கிலச் சொல் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். இந்தியில் 'டீல்' என்றால் நூலைத் தளர்த்தி விடுவது. மாஞ்சா என்ற சொல்லும் வடக்கேயிருந்து வந்ததுதான். 2010-ல் வந்த ஒரு சினிமாவுக்கே 'பாணா காத்தாடி' என்று பெயர் வைத்தார்கள் என்றால், வடசென்னையில் இது எவ்வளவு ஊறிப்போன விஷயம் என்று பார்த்துக்கொள்ளுங்கள். அகமதாபாத்தில் ஜனவரி 14 வந்தால் ஊரே மொட்டைமாடியில்தான். லக்னோவில் நவாபுகள் காலத்திலிருந்து இது ஒரு கௌரவம். பரேலி என்ற ஊரில் மாஞ்சா போடுவதே பல குடும்பங்களுக்குத் தலைமுறைத் தொழில். ஆகவே பாரம்பரியம் என்று சொல்கிறவர்கள் பொய் சொல்லவில்லை.

சரி, மாஞ்சா எப்படி அறுக்கிறது? இதைக் கொஞ்சம் விளக்கமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் வழக்கின் முடிச்சே இங்கேதான் இருக்கிறது. சோற்றுக் கஞ்சி அல்லது வஜ்ஜிரப் பசை, அதில் நைசாக இடித்துச் சலித்த கண்ணாடித் தூள், கொஞ்சம் சாயம். இரண்டு கம்பங்களுக்கு நடுவே நூலைக் கட்டி இந்தக் கலவையை விரலிடுக்கில் வைத்து உருவிக்கொண்டே போவார்கள். காய்ந்தால் நூல் முழுக்கக் கண்ணுக்குத் தெரியாத பல். இரண்டு நூல் குறுக்கே விழுந்தால் எது வேகமாக ஓடுகிறதோ அதுதான் ஜெயிக்கும். ஓடுகிற நூலில் தேய்மானம் நீளம் முழுவதும் பரவிப் போகிறது. ஓடாமல் நிற்கிற நூல் ஒரே இடத்தில் அறுபடுகிறது. அதனால்தான் கெட்டிக்காரன் சரசரவென்று இழுப்பான், இல்லையென்றால் சரசரவென்று விடுவான். சும்மா பிடித்துக்கொண்டு நிற்க மாட்டான்.

இப்போது நிற்கிற நூலுக்குப் பதில் ஒரு கழுத்தை நினைத்துக்கொள்ளுங்கள். மணிக்கு 40 கிலோமீட்டர் வேகம் என்பது நம் கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஒரு வேகமே இல்லை. ஆனால் ஒரு நொடிக்கு 11 மீட்டர். அறுந்த நூலின் ஒரு முனை மரத்திலோ கம்பத்திலோ சிக்கி இழுவையோடு நிற்கிறது. மெல்லிய நூல், கண்ணுக்குத் தெரியாது. வண்டியில் போகிறவன் கழுத்தில் பட்டு, அது ஓட ஆரம்பிக்கிறது. வானத்தில் நடந்த அதே வேலைதான் இங்கேயும் நடக்கிறது. ஹெல்மெட் தலையைக் காக்கும், கழுத்தைக் காக்காது. வண்டியில் முன்னால் உட்கார்ந்திருக்கும் குழந்தைக்கு அந்த ஹெல்மெட்டும் இல்லை.

இது கற்பனை இல்லை. 2015 செப்டம்பரில் சென்னை பெரம்பூரில் அப்பாவோடு வண்டியில் போன ஐந்து வயதுச் சிறுவன் இறந்தான். 2019 நவம்பரில் கொருக்குப்பேட்டையில், பெற்றோரோடு வண்டியில் போன மூன்று வயதுக் குழந்தை. 2016 ஆகஸ்ட் 15-ஆம் தேதி, சுதந்திர தினத்தன்று, டில்லியில் காரின் கூரைத் திறப்பு வழியாகத் தலையை நீட்டி வேடிக்கை பார்த்த இரண்டு குழந்தைகள் வெவ்வேறு இடங்களில் ஒரே நாளில் இறந்தார்கள். இவர்கள் யாரும் காற்றாடி விட்டவர்கள் இல்லை. பறவைகளோ கணக்கிலேயே வருவதில்லை. மரத்தில் தொங்கும் நூலில் காக்கையும் பருந்தும் பழந்தின்னி வௌவாலும் சிக்கிச் சாகின்றன. பக்கத்திலேயே ஊசுடு ஏரிப் பறவைச் சரணாலயத்தை வைத்திருக்கிற ஊர் நம் ஊர்.

இதில் பருத்தி நூல் போய் நைலான் வந்தது இன்னொரு கேடு. சைனா மாஞ்சா என்று பெயர். பெரும்பாலும் தயாராவது என்னவோ இங்கேதான். பருத்தி நூல் ஓரளவு இழுத்தால் அறுந்துபோகும், மழையில் நைந்து மக்கிப்போகும். நைலான் அறுவதும் இல்லை, மக்குவதும் இல்லை. இந்த வருடம் மரத்தில் மாட்டியது அடுத்த வருடமும் அங்கேயே காத்திருக்கும். உலோகத் தூள் பூசியதாக இருந்து மின்கம்பியில் பட்டால் ஷாக் வேறு. ஆனாலும் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். "எங்க காலத்து மாஞ்சா பருத்தி நூல், அது ஒண்ணும் பண்ணாது" என்று சில நண்பர்கள் சமாதானம் சொல்கிறார்கள். அறுப்பது நூல் இல்லை, அதன் மேல் இருக்கிற கண்ணாடி. பருத்தியாக இருந்தாலும் கழுத்துக்கு அது கண்ணாடிதான்.

சட்டம் என்ன சொல்கிறது? 2017 ஜூலையில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் நைலான் மற்றும் செயற்கை இழை மாஞ்சாவைத் தயாரிக்க, விற்க, வைத்திருக்க, பயன்படுத்த நாடு முழுவதும் தடை விதித்தது. யூனியன் பிரதேசமான நமக்கும் சேர்த்துத்தான். தமிழ்நாடு அரசு 2023-ல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் தடை ஆணை பிறப்பித்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் புதிய குற்றவியல் சட்டத்தில், அஜாக்கிரதையால் மரணம் விளைவித்தால் ஐந்து ஆண்டு வரை சிறை. பழைய சட்டத்தில் அது இரண்டு ஆண்டாக இருந்தது.

நம் லாஸ்பேட்டைக்கென்று இன்னொரு விசேஷம் உண்டு. 1934-ஆம் ஆண்டு விமானச் சட்டம் 'விமானம்' என்ற சொல்லுக்குக் கொடுத்த விளக்கத்தைப் படித்துப் பாருங்கள். பலூன், ஆகாயக் கப்பல், கிளைடர் என்று அடுக்கிக்கொண்டு வந்து, கூடவே பட்டத்தையும் சேர்த்திருந்தார்கள்! அந்தச் சட்டம் போய் 2025 ஜனவரி முதல் புதுச் சட்டம் வந்துவிட்டது. ஆனால் அன்றைக்கே பட்டத்தை விமானத்தோடு ஒரே வரிசையில் உட்கார வைத்ததற்குக் காரணம் இருக்கிறது. இரண்டும் ஒரே வானத்தைத்தான் பங்குபோட்டுக்கொள்கின்றன. விமான நிலையத்தை ஊருக்குள்ளேயே வைத்துக்கொண்டிருக்கும் நாம் இதை மறக்கக் கூடாது. ஹெலிபேட் மைதானம் எவ்வளவு விசாலமாக இருந்தாலும் காற்றாடிப் போட்டிக்கு அது இடமில்லை. செயற்குழுவில் அந்த இடத்தைச் சொன்ன நண்பர் மன்னிக்க வேண்டும்.

இவ்வளவு தடை இருந்தும் ஏன் நிற்கவில்லை? எனக்குத் தோன்றும் காரணம் இது. காற்றாடி விடுகிறவன் வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். வண்டி ஓட்டுகிறவன் சாலையைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். இருவருக்கும் நடுவில் இருக்கிற நூலை இருவரும் பார்ப்பதில்லை. அறுத்தவன் "அறுத்துட்டேன்" என்று குதிக்கிறான். அறுந்த நூல் நாலு தெரு தள்ளிப் போய் விழுகிறது. அங்கே என்ன நடந்தது என்று அவனுக்குக் கடைசிவரை தெரியாது. தன் கையால் நடந்தது என்று தெரியாத ஒன்றுக்கு மனசாட்சி எப்படி உறுத்தும்? திருட்டுத்தனமாக விற்கிற கடைக்காரருக்கும் அதே கதைதான். இவ்வளவுக்கும் கடைசியில் ஸ்டேஷனில் போய் நிற்பவன் பெரும்பாலும் ஏழை வீட்டுப் பையன். தயாரித்த கம்பெனிக்காரன் எங்கேயோ சௌக்கியமாக இருக்கிறான்.

இனி பாரம்பரியக் கட்சியின் வாதத்துக்கு வருகிறேன். இன்றைக்குப் பந்தியில் என் பக்கத்து இலையில் உட்கார்ந்திருந்த நம் செட் நண்பர் ஒருவர் கேட்டார்: "இன்னாடா நீ, ஜல்லிக்கட்டுல சாவறது இல்லியா? அதுக்கு மட்டும் மெரினாவுல உக்காந்தீங்களே. மாஞ்சா இல்லாத காத்தாடி உப்பில்லாத சோறுடா." நியாயமான கேள்வி. மழுப்பாமல் பதில் சொல்ல வேண்டிய கேள்வி.

ஜல்லிக்கட்டை 2014-ல் உச்ச நீதிமன்றம் தடை செய்தது. 2017 ஜனவரியில் மெரினாவில் இளைஞர்கள் கூடினார்கள், தமிழ்நாடு தனிச் சட்டம் இயற்றியது, 2023 மே மாதம் அரசியல் சாசன அமர்வு அந்தச் சட்டம் செல்லும் என்றது. ஆனால் திரும்ப வந்த ஜல்லிக்கட்டு பழையபடியே வரவில்லை. தடுப்புக் கட்டை, மாடுபிடி வீரர்களுக்கு மருத்துவப் பரிசோதனை, கால்நடை மருத்துவர், ஆம்புலன்ஸ் என்று நிபந்தனைகளோடு வந்தது. அப்படியும் ஆபத்து இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் வாடிவாசலுக்கு எதிரே நிற்பவனுக்கு மாடு வரும் என்று தெரியும். தெரிந்துதான் நிற்கிறான். கொருக்குப்பேட்டைக் குழந்தை எந்தக் களத்தில் இறங்கியது? யாரிடம் பெயர் கொடுத்தது? தன் உயிரைப் பணயம் வைத்து ஆடுவது வீரம் என்றால் ஒப்புக்கொள்கிறேன். அடுத்த வீட்டுப் பிள்ளையின் உயிரை அவனைக் கேட்காமலே பணயம் வைத்து ஆடுவதற்கு நம் பாரம்பரியத்தில் என்ன பெயர்? ஜல்லிக்கட்டுக்கு வேலி போடலாம். வானத்துக்கு வேலி போட முடியாது. வித்தியாசம் இவ்வளவுதான்.

அதே சமயம் ஒட்டுமொத்தமாக ஒழித்துவிடு என்கிற கட்சிக்கும் ஒரு வார்த்தை. லாகூரில் பசந்த் என்ற வசந்த விழாவுக்கு ஊரே காற்றாடி விடும். உயிர்ப்பலி அதிகமானதால் 2005-ல் பாகிஸ்தான் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. 2007-ல் பஞ்சாப் மாகாண அரசும் தடை போட்டது. அதற்குப் பின் பல ஆண்டுகள் அந்த ஊர் தன் பெரிய திருவிழா இல்லாமலே கிடந்தது. காகிதக் காற்றாடி செய்து பிழைத்த குடும்பங்களும் வேலை இழந்தன. ஆனால் திருட்டுக் காற்றாடி நிற்கவில்லை, கழுத்து அறுபடுவதும் முற்றாக நிற்கவில்லை. பிரேசிலில் வேறு வழி பார்த்தார்கள். மோட்டார் சைக்கிளின் கைப்பிடியில் ஒரு கம்பியை நட்டு, வருகிற நூல் அதில் மாட்டி அறுபடும்படி செய்தார்கள். இருசக்கர வண்டியில் சரக்கு கொண்டுபோகிறவர்களுக்கு 2009-ல் ஒரு சட்டமே அதைக் கட்டாயமாக்கியது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் குற்றம் வானத்தில் இருக்க, தண்டனையை வண்டிக்காரர் தலையில் கட்டுவது போல இருக்கிறது.

கண்ணாடி இல்லாமல் காற்றாடிச் சண்டை இருக்க முடியுமா? ஜப்பானில் ஹமமட்சு என்ற ஊரில் மே 3 முதல் 5 வரை நடக்கிறது. பேட்டைக்கு ஒரு குழு, ஆள் உயரத்துக்கு மேற்பட்ட காற்றாடி, கையில் தடித்த சணல் கயிறு. கயிறும் கயிறும் உராய்ந்து புகை வாசனை வரத் தேய்ந்து அறும். கண்ணாடித் தூள் கிடையாது. தோளும் காற்றுக் கணக்கும்தான் ஆயுதம். இடம் தெருவோ மாடியோ இல்லை, கடற்கரை மணல்மேடு.

அவ்வளவு தூரம் போவானேன்? நம் தமிழ்ச் சகோதரர்கள் யாழ்ப்பாணத்து வல்வெட்டித்துறையில் தைப்பொங்கலன்று கடற்கரையில் நடத்தும் பட்டப்போட்டியைப் பார்க்கப் பெருங்கூட்டம் கூடுகிறது. அங்கே யாரும் யார் பட்டத்தையும் அறுப்பதில்லை. கொக்குப் பட்டம், எட்டுமூலைப் பட்டம், பெட்டிப் பட்டம் என்று வகை வகையாகச் செய்து, யாருடையது அழகு, யாருடையது புதுமை என்றுதான் போட்டி. பட்டத்தின் தலையில் 'விண்' என்று ஒரு நாரைக் கட்டிவிடுவார்கள். காற்றில் அது அதிர்ந்து வானத்தில் தம்பூரா மாதிரி ஒலிக்கும். உப்பில்லாத சோறு என்றாரே நண்பர், அவர் ஒருமுறை அந்த விண் சத்தத்தைக் கேட்டுவிட்டு வந்து சொல்லட்டும்.

ஆகவே என் யோசனை இதுதான். பொதுக்குழு ஏற்கலாம், தள்ளலாம்.

ஒன்று, பொங்கலுக்குக் காற்றாடி விழா கட்டாயம் நடத்துவோம். இடம் விமானப் பாதைக்கு வெகு தூரத்தில், தெற்கே ஒரு கடற்கரை மணல். உரிய அனுமதியை முன்கூட்டியே வாங்குவோம்.

இரண்டு, அன்று அறுக்கிற போட்டி கூடாது. கண்ணாடி இல்லாத சாதா நூலில் கூடக் கூடாது. காரணம் காற்று. பொங்கல் சமயத்தில் வாடைக்காற்று கடலிலிருந்து கரையை நோக்கி அடிக்கும். அறுந்த காற்றாடி நூலோடு ஊருக்குள்தான் வரும், சாலையில்தான் விழும். சண்டை இல்லாமல் முடியாது என்கிறவர்கள் ஆடி மாதம் வரை பொறுக்கட்டும். அப்போது காலையில் மேல்காற்று கடலை நோக்கிப் போகும். வெறும் பருத்தி நூல், காகிதக் காற்றாடி, கயிறு கட்டிய மணல்வெளி. அறுக்க நேரம் பிடிக்கும், சூடு குறையும், நான் மறைக்கவில்லை. ஆனால் ஜெயித்தவன் தன் கைத்திறமையால் ஜெயித்தான் என்று சொல்லலாம்.

மூன்று, விழாவுக்கு ஒரு மாதம் முன்பு நம் பேட்டைப் பிள்ளைகளுக்குக் காற்றாடி செய்யக் கற்றுக்கொடுப்போம். மூங்கில் சீவ, சூத்திரம் போடத் தெரிந்தவர்கள் இந்தக் கூட்டத்திலேயே பத்துப் பேராவது இருக்கிறீர்கள். தானே செய்த காற்றாடியை யாரும் எளிதில் அறுபட விடமாட்டான். விழா முடிந்த மறுநாள் காலை எல்லோரும் திரும்ப வந்து, மணலிலும் மரத்திலும் கிடக்கிற நூலை ஒன்று விடாமல் பொறுக்க வேண்டும். பரிசு வாங்கியவர் முதல் ஆளாக வர வேண்டும்.

நான்கு, இன்றைக்கே செய்யக்கூடியது. சின்னப் பிள்ளைகளை வண்டியில் முன்னால் நிற்கவைத்து ஓட்டாதீர்கள். கழுத்தைச் சுற்றி ஒரு தடித்த துண்டு போட்டுக்கொள்ளுங்கள். குறுக்கே நூல் தெரிந்தால் நிறுத்துங்கள், இழுக்காதீர்கள். மின்கம்பியில் சிக்கியதைத் தொடாதீர்கள், மின்துறைக்குச் சொல்லுங்கள். யாருக்காவது கழுத்து அறுபட்டால் சுத்தமான துணியைக் காயத்தின் மேல் வைத்து, மூச்சுக்குழலை நெரிக்காமல் அழுத்திப் பிடித்துக்கொண்டே 108-க்குப் போன் செய்யுங்கள். கையை எடுத்து எடுத்துப் பார்க்காதீர்கள். வீட்டுப் பேரப்பிள்ளை "மாஞ்சா வாங்கிக் கொடு தாத்தா" என்று கேட்டால், கடைக்குப் போகிற பத்து நிமிடத்தில் இன்று நான் சொன்னதைச் சொல்லி, வெறும் நூல்கண்டை வாங்கிக் கொடுங்கள்.

பக்கத்து இலை நண்பர் இப்போது என்னை முறைத்துக்கொண்டிருக்கிறார். அவர் கைக்கு எப்படிப்பட்ட காற்றாடியும் அடங்கும் என்பது நம் செட்டுக்கே தெரியும். பொங்கல் விழாவில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் பொறுப்பை அவரிடமே ஒப்படைக்க வேண்டும் என்று பொதுக்குழுவை வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். கைதட்டலை அவருக்கே கொடுங்கள், அப்போதுதான் மறுக்க மாட்டார்.